உலோகப் பாடம் எடுக்கப் போகிறவர்களுக்கு

வேதியியல் ஆசிரியர் வேலையில் புதிதாகச் சேர்ந்திருக்கும் தம்பிகளுக்கும் தங்கைகளுக்கும் எழுதுகிறேன். தனிமங்கள் பாடத்தில் உலோகங்கள் வந்ததும் வகுப்பில் பாதிப் பேர் கொட்டாவி விடுவார்கள். பிள்ளைகள்மேல் குற்றமில்லை. தனிமம், குறியீடு, கண்டுபிடித்தவர், ஆண்டு, பயன் என்று ஐந்து கட்டம் கட்டிக் கரும்பலகையை நிரப்பி, "பார்த்து எழுதி மனப்பாடம் பண்ணிக்கோங்க" என்று நாம்தான் சொல்லிவிடுகிறோம். மூன்றாவது கட்டத்தில் ஒரு பெயர், நாலாவதில் ஒரு வருடம். பெரும்பாலான உலோகங்களுக்கு அது பத்தாது. இந்தப் பாடத்தை நடத்தி ஓய்ந்தவன் என்ற முறையில் எனக்குப் பட்டதைச் சொல்கிறேன். எண் போட்டிருப்பது உங்கள் வசதிக்குத்தான். முதலில் வருவது பெரிது, கடைசியில் வருவது சிறிது என்று கிடையாது.

1. "யார் சார் கண்டுபிடிச்சது?" என்று ஒரு பையன் கேட்டால் சட்டென்று பெயரைச் சொல்லாதீர்கள். அந்த ஒரு கேள்விக்குள் நாலு கேள்வி இருக்கிறது. இப்படி ஒன்று இருக்கிறது என்று முதலில் சொன்னவர் யார்? அதற்குப் பெயர் வைத்தவர் யார்? உலோகமாகப் பிரித்துக் காட்டியவர் யார்? நாலு பேர் வாங்கக்கூடிய விலைக்குக் கொண்டுவந்தவர் யார்?

டைட்டானியத்தை எடுத்துக்கொள்ளுங்கள். இங்கிலாந்தின் கார்ன்வால் பகுதியில் வில்லியம் கிரெகர் என்ற பாதிரியார், ஓடையில் கிடந்த கறுப்பு மணலைச் சோதித்து, யாருக்கும் தெரியாத ஓர் உலோகத்தின் ஆக்சைடு இதில் இருக்கிறது என்று 1791இல் எழுதினார். 1795இல் பெர்லினில் மார்ட்டின் க்ளாப்ரோத் ரூட்டைல் என்ற வேறொரு தாதுவில் அதே ஆக்சைடைக் கண்டு, கிரேக்கப் புராணத்து டைட்டன்களின் பெயரை அதற்கு வைத்தார். இருவருமே அந்த உலோகத்தைக் கண்ணால் பார்க்கவில்லை. ஓரளவு தூய உலோகம் 1910இல்தான் அமெரிக்காவில் மாத்யூ ஹன்டர் கைக்கு வந்தது. அதைத் தொழிற்சாலை அளவில் எடுக்க வழி செய்தவர் லக்ஸம்பர்க்கில் பிறந்த வில்லியம் க்ரோல். அது 1930களின் கடைசியிலும் 1940களிலும் நடந்த வேலை. பாதிரியாரின் மணலுக்கும் க்ரோலின் உலைக்கும் நடுவில் ஏறக்குறைய 150 வருடம். இதில் எதை நாலாவது கட்டத்தில் எழுதுவீர்கள்?

பாடப்புத்தகம் 1791 என்றால் தேர்வில் 1791 என்றே எழுதச் சொல்லுங்கள். பிள்ளைகளின் மதிப்பெண்ணை வைத்து நாம் புரட்சி செய்ய வேண்டாம். மிச்சத்தை வகுப்பில் சொல்லுங்கள்.

2. அந்த 150 வருட இடைவெளிக்குக் காரணம் கேளுங்கள். வேதியியல் அங்கேதான் இருக்கிறது. இரும்புத் தாதுவைக் கரியோடு சேர்த்து உலையில் போட்டால் கரி ஆக்சிஜனைப் பறித்துக்கொண்டு இரும்பை விட்டுவிடும். டைட்டானியத்திடம் இந்த வித்தை செல்லாது. கரியை விட்டால் கரியோடேயே சேர்ந்து கார்பைடு ஆகிவிடும். காற்றுப் பட்டால் ஆக்சிஜனை மட்டுமல்லாமல் நைட்ரஜனையும் இழுத்துக்கொண்டு நொறுங்கும் பொருளாகிவிடும். அதனால்தான் ஹன்டர் அதன் குளோரைடை எடுத்து, சோடியத்தோடு இறுக மூடிய எஃகுக் கலத்தில் சூடாக்கினார். க்ரோல் சோடியத்துக்குப் பதில் மெக்னீசியத்தைப் பிடித்தார்.

இதே கண்ணோடு வினைத்திறன் வரிசையைக் கீழிருந்து மேலாகப் படித்துக் காட்டுங்கள். தங்கம், வெள்ளி, செம்பு ஆகியவை அடியில். மனிதன் அவற்றை வரலாறு எழுதத் தொடங்கும் முன்பே எடுத்துவிட்டான். இரும்பு கொஞ்சம் மேலே, கொஞ்சம் தாமதம். உச்சியில் இருக்கும் பொட்டாசியத்தையும் சோடியத்தையும் எந்த உலையாலும் அசைக்க முடியவில்லை. வோல்ட்டாவின் மின்கலம் வந்த பிறகு, 1807 அக்டோபரில், லண்டனில் ஹம்ஃப்ரி டேவி உருகிய பொட்டாஷ் வழியாக மின்சாரத்தைச் செலுத்தினார். பாதரசம்போல் பளபளத்த சின்னச் சின்ன உருண்டைகள் மேலே வந்து, சில அங்கேயே தீப்பிடித்து வெடித்தன. மனிதர் சந்தோஷத்தில் ஆய்வகத்தில் குதித்து ஆடினார் என்று அவருடைய உறவுத் தம்பி எட்மண்ட் டேவி சொல்லியிருக்கிறார். சில நாட்களில் சோடியம். அடுத்த வருடமே கால்சியம், மெக்னீசியம், ஸ்ட்ரான்ஷியம், பேரியம். ஒரு வரிசை அட்டவணை ஒரு காலக்கணக்காகவும் இருப்பதைப் பிள்ளைகள் தாங்களே கண்டுபிடிக்கட்டும். நீங்கள் முந்திக்கொண்டு சொல்லிவிடாதீர்கள்.

3. அலுமினியத்துக்கு ஒரு முழு வகுப்பு ஒதுக்குங்கள். பாடத்திட்டம் முடியவில்லை என்று தலைமையாசிரியர் கேட்டால் வேறு எதையாவது சுருக்கிக்கொள்ளுங்கள்.

நிலத்தின் மேலோட்டில் மிக அதிகமாக இருக்கும் உலோகம் இதுதான். ஆனாலும் 1825இல் கோபன்ஹேகனில் ஊர்ஸ்டெட் கொஞ்சம் எடுத்துக் காட்டும்வரை யாரும் இதை உலோகமாகப் பார்த்ததில்லை. 1827இல் ஜெர்மனியில் வோலர் பொடியாக எடுத்தார். 1854இல் பிரான்சில் சான்ட்-க்ளேர் தெவீல் சோடியத்தைக் கொண்டு கட்டியாகவே எடுத்தார். மறுவருடம் பாரிஸ் கண்காட்சியில் அதை வேடிக்கை பார்க்கக் கூட்டம் கூடியது. 1884இல் அமெரிக்காவில் வாஷிங்டன் நினைவுத் தூணின் உச்சியில் வைக்க ஒரு சிறு அலுமினியப் பிரமிடு வார்த்தார்கள். எடை சுமார் 2.8 கிலோ. நம் வீட்டுச் சோற்றுப் பானைகள் ரெண்டைச் சேர்த்தால் அந்த எடை வந்துவிடும். அன்றைக்கு அது கடையில் வைத்து ஊருக்குக் காட்டும் அதிசயம்.

அடுத்த இரண்டே வருடத்தில் நிலைமை தலைகீழ். 1886இல் அமெரிக்காவில் சார்ல்ஸ் மார்ட்டின் ஹாலும் பிரான்சில் பால் ஹெரூவும் ஒருவரை ஒருவர் அறியாமல் ஒரே வழியைக் கண்டார்கள். இருவரும் 1863இல் பிறந்தவர்கள், இருவரும் 1914இல் இறந்தவர்கள். இந்த ஒற்றுமையைச் சொன்னால் கடைசி பெஞ்சுகூட நிமிர்ந்து உட்காரும். வழி இதுதான். அலுமினா உருக 2000 டிகிரிக்கு மேல் வேண்டும். ஆனால் உருகிய கிரையோலைட்டில் அது சுமார் 950 டிகிரியிலேயே கரைந்துவிடும். கரைந்ததில் மின்சாரம் பாய்ச்சினால் அலுமினியம் அடியில் தங்கும். ஆக்சிஜன் கரி மின்முனையைத் தின்றுகொண்டே போகும்.

இங்கே ஒரு கணக்குப் போடச் சொல்லுங்கள். ஒரு கிலோ அலுமினியத்துக்கு இன்றைக்கும் 13 முதல் 15 யூனிட் மின்சாரம் செலவாகிறது. வீட்டு மின்கட்டண அட்டையைக் கொண்டுவரச் சொல்லி, இரண்டு மாதத்துக்கு எரித்த யூனிட்டில் எத்தனை கிலோ அலுமினியம் எடுக்கலாம் என்று கேளுங்கள். அணை மின்சாரம் இருந்த மேட்டூரில் அலுமினிய ஆலை ஏன் வந்தது, ஏற்காட்டிலும் கொல்லிமலையிலும் வெட்டிய பாக்சைட் அங்கே ஏன் போனது என்பதெல்லாம் தானாக விளங்கிவிடும். பழைய அலுமினியத்தை உருக்கி எடுக்க இதில் இருபதில் ஒரு பங்கு ஆற்றல் போதும். காயலான் கடைக்காரர் ஓட்டைப் பாத்திரத்துக்குக் காசு கொடுப்பது தர்மத்துக்கு அல்ல; அதில் அடங்கியிருக்கும் மின்சாரத்துக்குத்தான்.

19ஆம் நூற்றாண்டின் கடைசியில் சென்னைக் கலைத் தொழிற்பள்ளியில் ஆல்ஃபிரட் சாட்டர்டன் என்ற ஆங்கிலேயர் அலுமினியப் பாத்திரம் அடிக்கும் தொழிலைத் தொடங்கிவைத்தார் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள். ஹாலும் ஹெரூவும் வழி கண்டு ஏறத்தாழ பன்னிரண்டு வருடத்துக்குள் உலோகம் மெட்ராஸ் சமையலறைக்கு வந்துவிட்டது.

4. துத்தநாகத்துக்கு நேரே 'மார்கிராஃப், 1746' என்று அச்சடித்திருந்தால் அதை அடிக்காதீர்கள். பக்கத்தில் 'ஜாவர்' என்று பென்சிலால் எழுதிக்கொள்ளுங்கள். ராஜஸ்தானில் உதய்பூர் பக்கத்தில் இருக்கிறது. இந்த உலோகத்தின் தொல்லை என்ன தெரியுமா? தாதுவைக் கரியால் ஒடுக்க 1000 டிகிரிக்கு மேல் சூடு வேண்டும். ஆனால் துத்தநாகம் 907 டிகிரியிலேயே கொதித்து ஆவியாகிவிடும். உலையைத் திறந்தால் கையில் ஒன்றும் இருக்காது. காற்றுப் பட்ட ஆவி வெள்ளைப் பொடியாகப் பறந்துபோயிருக்கும். இந்தத் தொல்லையால்தான், உலோகத்தைப் பிரிக்காமலேயே அதன் தாதுவைச் செம்போடு சேர்த்துச் சுட்டுப் பித்தளை செய்வது பல நூற்றாண்டு வழக்கமாக இருந்தது.

ஜாவர்க்காரர்கள் ஆவியைக் கீழ்நோக்கி இறக்கினார்கள். கத்தரிக்காய் வடிவத்தில் மண்குடுவை செய்து, தாதுவும் கரிப்பொருளும் கலந்து உள்ளே அடைத்து, கழுத்துக் குழாயைப் பொருத்தி, அதில் ஒரு குச்சியைச் செருகுவார்கள். குடுவையைத் தலைகீழாகக் கவிழ்க்கும்போது சரக்கு கொட்டாமலிருக்க அந்தக் குச்சி. சூடேறியதும் குச்சி கருகி, ஆவி இறங்க வழி விடும். இட்லித் தட்டு மாதிரி ஓட்டை போட்ட மண் தட்டில் 36 குடுவைகளைக் கவிழ்த்து வைத்து மேலே தீ மூட்டுவார்கள். தட்டுக்குக் கீழே இருக்கும் அறையில் சூடு குறைவு. ஆவி அங்கே இறங்கி உலோகமாகச் சொட்டும். ஐரோப்பாவில் இங்கிலாந்தின் பிரிஸ்டலில் வில்லியம் சாம்பியன் இதேபோல் கீழிறக்கும் முறைக்குக் காப்புரிமை வாங்கியது 1738இல். ஜாவரில் அதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பே இது பெருந்தொழில். பயன்படுத்தித் தூக்கி எறிந்த குடுவைகளை அடுக்கியே அங்கே வீட்டுச் சுவர் எழுப்பியிருக்கிறார்கள்.

அப்படியென்றால் மார்கிராஃப் செய்தது ஒன்றுமில்லையா? இது தனி உலோகம்தான் என்று முறையாகச் சோதித்து எழுதிவைத்தவர் அவர். அந்தப் பெருமையை அவருக்குக் கொடுங்கள். எல்லாம் நம்மாட்கள் முன்பே கண்டது என்று மார்தட்டும் பேச்சும் வேண்டாம். ஐரோப்பாக்காரன் கண்டதுதான் கண்டது என்ற அட்டவணையும் வேண்டாம்.

5. பெயர்க் காரணம் சொல்லும்போது வகுப்பு விழிக்கும். கோபால்ட், நிக்கல் இரண்டும் ஜெர்மன் சுரங்கத் தொழிலாளிகள் பேய் பிசாசுமேல் பழி போட்டு வைத்த பெயர்கள். வெள்ளிக்கோ செம்புக்கோ ஆசைப்பட்டு உலையில் போட்டால் ஒன்றும் வராது. தாதுவிலிருந்த ஆர்செனிக் புகைதான் ஆளைப் படுக்கப் போடும். 1730களில் பிரான்ட்டும் 1751இல் க்ரோன்ஸ்டெட்டும் அந்தத் தாதுக்களில் இருந்தவை புதிய உலோகங்கள் என்று காட்டினார்கள். பிசாசுப் பெயர் அப்படியே நின்றுவிட்டது.

ஊர்ப் பெயர்களில் ஸ்வீடனின் இட்டர்பியை மிஞ்ச எதுவும் இல்லை. ஸ்டாக்ஹோம் அருகே ஒரு தீவில், பீங்கான் தொழிலுக்குக் கல் வெட்டிய ஒரு சின்னக் குவாரி. 1787இல் கார்ல் ஆக்சல் அரேனியஸ் என்ற ராணுவ அதிகாரி அங்கே கனமான கறுப்புக் கல் ஒன்றைப் பொறுக்கினார். 1794இல் ஃபின்லாந்தின் காடலின் அதில் புதிய ஆக்சைடு ஒன்றைக் கண்டார். அதைக் கிளறக் கிளற ஒன்றுக்குள் ஒன்று என்று அடுத்த நூறு வருடம் தனிமங்கள் வந்துகொண்டே இருந்தன. இட்ரியம், டெர்பியம், எர்பியம், இட்டர்பியம் என்று நாலு தனிமங்கள் அந்த ஒரே ஊரின் பெயரைச் சுமக்கின்றன. பாவம் பிள்ளைகள், நாலையும் குழப்பிக்கொள்வார்கள். அதற்காக மதிப்பெண் குறைக்காதீர்கள். அந்தக் காலத்து வேதியியலாளர்களே டெர்பியத்தையும் எர்பியத்தையும் பெயர் மாற்றிக் குழப்பியிருக்கிறார்கள்.

6. தோற்றவர்களின் கதையையும் சொல்லுங்கள். மெக்சிகோவில் சிமாபான் சுரங்கத்துப் பழுப்பு ஈயத் தாதுவில் புதிய உலோகம் இருப்பதாக 1801இல் ஆந்த்ரேஸ் மானுவேல் டெல் ரியோ சொன்னார். உப்புகள் சூட்டில் சிவந்ததால் எரித்ரோனியம் என்று பெயரும் வைத்தார். மாதிரி பாரிசுக்குப் போனது. அங்கே சோதித்தவர் "இது குரோமியம்தான்" என்று சொல்லிவிட, டெல் ரியோ தன் கண்டுபிடிப்பைத் தானே விட்டுக்கொடுத்துவிட்டார். 1830இல் ஸ்வீடனில் செஃப்ஸ்ட்ரோம் அதே உலோகத்தை இரும்பில் கண்டு வனேடியம் என்று பெயர் சூட்டினார். இரண்டும் ஒன்றே என்று மறுவருடம் வோலர் நிரூபித்தார். பெயர் மட்டும் திரும்பவில்லை.

இந்தக் கதையைச் சொல்லும் அன்றைக்கு மெக்கானிக் ஷெட்டிலிருந்து ஒரு ஸ்பேனரைக் கேட்டு வாங்கிப் போவது என் வழக்கம். நல்ல ஸ்பேனரின் தண்டில் 'குரோம் வனேடியம்' என்று பொறித்திருக்கும். பாரிஸ்காரர் ஒன்றென்று நினைத்த இரண்டு உலோகமும் ஒரே எஃகில் பக்கத்துப் பக்கத்தில் இருக்கும். கையிலிருந்து கைக்குச் சுற்றவிடுங்கள்.

7. மெண்டலீவைத் தெய்வமாக்காதீர்கள். 1871இல் தன் தனிம வரிசை அட்டவணையில் அவர் விட்டுவைத்த காலி இடங்களில் காலியம் (1875), ஸ்காண்டியம் (1879), ஜெர்மானியம் (1886) வந்து உட்கார்ந்தது உண்மை. அந்த இடங்களுக்கு 'ஏக' என்ற சமஸ்கிருத முன்னொட்டை அவர் போட்டதும் உண்மை. காலியத்தை நிறமாலையில் கண்ட பிரெஞ்சுக்காரர் லெகோக் தெ புவாபோத்ரான் அதன் அடர்த்தி 4.7 என்று அளந்தபோது, ரஷ்யாவில் இருந்தபடியே "5.9 வர வேண்டும், இன்னும் தூய்மையாக்கி அளந்து பாருங்கள்" என்று மெண்டலீவ் எழுதினார். அளந்தார், 5.9 வந்தது. பொருளைப் பார்த்தே இராதவர் பொருளைக் கையில் வைத்திருந்தவரைத் திருத்திய இந்த இடத்தை நிறுத்தி நிதானமாகச் சொல்லுங்கள். ஆனால் ஹைட்ரஜனைவிட இலேசான தனிமங்கள் உண்டு என்றும் பின்னாளில் அவர் எழுதினார். அப்படி எதுவும் இல்லை. இரண்டையும் சேர்த்துச் சொன்னால்தான் பிள்ளைகளுக்கு அறிவியல் பிடிபடும்.

காலியம் 29.76 டிகிரியில் உருகும். குளிர்நாட்டுப் புத்தகத்தில் 'உள்ளங்கையில் வைத்தால் உருகும் உலோகம்' என்று போட்டிருப்பார்கள். நம் ஊரில் சித்திரை மாதம் அது சீசாவுக்குள்ளேயே திரவமாகத்தான் இருக்கும். கட்டியாகக் காட்ட வேண்டுமானால் குளிர்பெட்டியில் வைத்து எடுத்து வாருங்கள்.

8. சுடர் சோதனையைத் தவறவிடாதீர்கள். சீசியம் (1860), ருபீடியம் (1861) இரண்டையும் ஹைடல்பர்க்கில் புன்சனும் கிர்க்காஃபும் சுடரின் நிறக்கோடுகளை வைத்தே கண்டார்கள். 1863இல் ஃப்ரைபர்க்கில் ஃபெர்டினாண்ட் ரைக் ஒரு துத்தநாகத் தாதுவிலிருந்து புதுப் பொருள் பிரித்தார். அவருக்கு நிறக்குருடு. அதனால் நிறமாலையைப் பார்க்கும் வேலையைத் தன் உதவியாளர் ரிக்டரிடம் கொடுத்தார். ரிக்டர் கண்டது அவுரி நீலத்தில் ஒரு கோடு. அதனால் அது இண்டியம். பிள்ளைகள் பையில் ஒளித்துவைத்திருக்கும் கைபேசியின் தொடுதிரையில் அதன் ஆக்சைடு மெல்லிய படலமாகப் பூசியிருக்கிறது.

தீபாவளி முடிந்த கையோடு இந்தப் பாடத்தை வைத்துக்கொண்டால் நல்லது. சிவகாசி மத்தாப்பில் சிவப்பு ஸ்ட்ரான்ஷியம், பச்சை பேரியம், கண் கூசும் வெள்ளை மெக்னீசியமும் அலுமினியமும். பேரியம் உப்புகளுக்கு உச்ச நீதிமன்றம் 2018இல் தடை போட்டதையும் ஏன் என்பதையும் பேசுங்கள். கரையும் பேரியம் உப்பு நஞ்சு.

9. சோடியத்துக்கு Na எப்படி, டங்ஸ்டனுக்கு W எப்படி என்று கேட்டால் நேட்ரியம், உல்ஃப்ராம் என்ற மாற்றுப் பெயர்களைச் சொல்லிவிட்டு மேலே போங்கள். இதில் நேரத்தைக் கரைக்க வேண்டாம்.

10. பயன்களைப் பட்டியலாகச் சொல்லாதீர்கள். ஏன் அந்த உலோகம், பக்கத்து உலோகம் ஏன் ஆகாது என்று ஒன்றிரண்டை மட்டும் தோண்டுங்கள். எனக்குப் பிடித்த ஜோடி சிர்க்கோனியமும் ஹாஃப்னியமும். தாதுவில் இரண்டும் பிரியவே பிரியாது. வேதி குணத்தில் அவ்வளவு ஒற்றுமை இருந்ததால் 1923இல் கோபன்ஹேகனில் காஸ்டரும் ஹெவெசியும் எக்ஸ் கதிர் நிறமாலையில் பிடிக்கும்வரை, சிர்க்கோனியத்துக்குள் இன்னொன்று ஒளிந்திருப்பது யாருக்கும் தெரியாது. ஆனால் நியூட்ரானிடம் கேட்டால் இரண்டும் எதிரெதிர். சிர்க்கோனியம் நியூட்ரானைத் தடுக்காமல் விட்டுவிடும், ஹாஃப்னியம் விழுங்கிவிடும். அணு உலையில் யுரேனிய எரிபொருளைப் பொதியும் குழாய் சிர்க்கோனியக் கலவை. அதில் ஹாஃப்னியம் துளி இருந்தாலும் உலைக்கு நஷ்டம். பிரியாத இரண்டையும் பிரித்தே ஆக வேண்டும். தூத்துக்குடிப் பக்கம் பழையகாயலில் இந்திய அணுசக்தித் துறையின் சிர்க்கோனிய ஆலை இருக்கிறது. தெற்கத்தி மாவட்டப் பிள்ளைகளுக்கு இது தெரிந்திருக்க வேண்டும்.

11. முடிந்தால் ஒருமுறை மணவாளக்குறிச்சிக்குக் கூட்டிப்போங்கள். கன்னியாகுமரி மாவட்டத்துக் கடற்கரை. கறுத்த மணலைப் பார்க்கலாம். கறுப்புக்குக் காரணம் இல்மனைட், டைட்டானியமும் இரும்பும் சேர்ந்த தாது. கிரெகர் கார்ன்வாலில் சோதித்ததும் இதே வகைதான். நடுவில் மஞ்சள் பழுப்பாக மின்னும் மணிகள் மோனசைட்.

இந்த மோனசைட்டின் கதை விளக்கிலிருந்து தொடங்குகிறது. ஆஸ்திரியாக்காரர் கார்ல் ஆவர் ஃபோன் வெல்ஸ்பாக், பருத்தி வலையை உலோக உப்புகளில் நனைத்துக் காயவைத்துச் சுடரில் பிடித்தால், பஞ்சு எரிந்து ஆக்சைடு வலை மட்டும் நின்று ஒளிவிடும் என்று கண்டார். 1885இல் காப்புரிமை. முதலில் செய்தவை பச்சையடித்த வெளிச்சம் தந்தன, சீக்கிரம் நொறுங்கின. 1890களின் தொடக்கத்தில் 99 பங்கு தோரியம் ஆக்சைடு, 1 பங்கு சீரியம் ஆக்சைடு என்ற கலவைக்கு வந்து சேர்ந்ததும் வெள்ளை வெளிச்சம் கிடைத்தது. நம் கல்யாண வீட்டையும் திருவிழாக் கடையையும் ஒளியாக்கிய பெட்ரோமாக்ஸ் மேண்டில் அதுதான். தோரியத்தை 1829இல் பெர்சீலியஸ் பிரித்து, வட ஐரோப்பியப் புராணத்து இடித் தெய்வம் தோரின் பெயரை வைத்திருந்தார். 60 வருடமாக அதற்கு வேலையே இல்லை. மேண்டில் வந்ததும் உலகம் தோரியத்துக்கு அலைந்தது. 1909இல் ஷோம்பர்க் என்ற ஜெர்மானியர், தென்திருவிதாங்கூர்க் கரையிலிருந்து போன தேங்காய்நாரில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட்டைக் கண்டு, மூலத்தைத் தேடி இங்கே வந்து சேர்ந்தார். அப்படித் தொடங்கியதுதான் மணவாளக்குறிச்சி மணல் தொழில்.

ஒரு சின்ன காந்தத்தைக் கொண்டுபோங்கள். பழைய இயர்போனை உடைத்தால் கிடைக்கும் நியோடிமியம் காந்தம் போதும். சாதாரண காந்தத்துக்கு இல்மனைட் அவ்வளவாக மசியாது. நியோடிமியம் காந்தம் கறுப்பு மணிகளை இழுக்கும், வெள்ளை மணலை விட்டுவிடும். ஆலையிலும் பிரிப்பது இதே தத்துவத்தில்தான். நியோடிமியத்தை 1885இல் பிரித்தவரும் அதே ஆவர்தான். மோனசைட்டிலேயே அது இருக்கிறது. மணலை எதைக்கொண்டு பிரிக்கிறீர்களோ அதுவும் அந்த மணலுக்குள்ளிருந்து எடுக்கக்கூடியதுதான். சொன்னால் பிள்ளைகள் காந்தத்தைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பார்கள்.

மணலைப் பையில் அள்ளி வர விடாதீர்கள். மோனசைட் அணுசக்திச் சட்டத்துக்குள் வரும் கனிமம். அந்தத் தொழிலால் கரை அரிப்பு, கதிரியக்கம் பற்றி ஊர்க்காரர்களுக்கு இருக்கும் மனக்குறையையும் மறைக்காமல் பேசுங்கள்.

12. பொய்யாய்ப் போன கண்டுபிடிப்புகளை விட்டுவிடாதீர்கள். அட்டவணையில் 43ஆம் இடத்துக்கு எத்தனையோ பேர் உரிமை கொண்டாடினார்கள். 1908இல் ஜப்பானின் மசடாகா ஒகாவா நிப்போனியம் என்றார். அவர் கையில் இருந்தது 75ஆம் தனிமம் ரீனியம் என்று வெகுகாலம் கழித்துத் தெரிந்தது. 1925இல் ஜெர்மனியில் நாடாக், டாக்கே, பெர்க் மூவரும் ரீனியத்தைச் சரியாகக் கண்டார்கள். கூடவே 43க்கு மசூரியம் என்று பெயர் வைத்தது நிற்கவில்லை. கடைசியில் 1937இல் இத்தாலியின் பலெர்மோவில் பெரியேவும் செக்ரேவும் பெர்க்லி சைக்ளோட்ரானில் அடிபட்ட மாலிப்டினத் தகட்டிலிருந்து அதைப் பிரித்தார்கள். மனிதன் செயற்கையாக உண்டாக்கிய முதல் தனிமம், டெக்னீசியம். அதன் ஒரு வகைக்கு அரை ஆயுள் 6 மணி நேரம். எலும்பு ஸ்கேன், இதய ஸ்கேன் எடுக்கும்போது ஊசியில் ஏற்றுவது அதைத்தான். ஜப்பானுக்குத் தன் பெயரில் ஒரு தனிமம் கிடைக்க 2016 ஆனது: 113ஆம் தனிமம் நிஹோனியம்.

குறும்பு செய்தவர்களும் உண்டு. வுல்லஸ்டன் பல்லேடியத்தைக் கண்டதும் அறிவியல் சங்கத்தில் அறிவிக்காமல், 1803இல் பெயரில்லாத துண்டறிக்கை அடித்து லண்டன் கடையொன்றில் விற்பனைக்கு வைத்துவிட்டார். செனவிக்ஸ் என்பவர் இது பிளாட்டினமும் பாதரசமும் கலந்த போலி என்று அடித்துச் சொன்னார். செயற்கையாகச் செய்துகாட்டுபவருக்கு 20 பவுண்டு பரிசு என்று மறுபடியும் பெயரில்லாமல் ஓர் அறிவிப்பு. யாரும் வாங்கவில்லை. 1805இல்தான் "நான்தான்" என்று வெளியே வந்தார்.

13. செய்துகாட்டும்போது கவனம். சோடியத்தை மிளகு அளவுக்கு மேல் வெட்டாதீர்கள். மண்ணெண்ணெயைத் துடைத்து, நடுவில் தடுப்பு வைத்து, பிள்ளைகளைத் தள்ளி நிறுத்திய பிறகே தண்ணீரில் போடுங்கள். பொட்டாசியத்தைக் காணொளியில் காட்டினால் போதும். வெப்பமானி உடைந்து பாதரசம் சிதறினால் துடைப்பத்தால் கூட்டாதீர்கள், சன்னலைத் திறந்துவிட்டு, கையுறை மாட்டிக்கொண்டு, அட்டையால் ஒதுக்கி மூடியுள்ள புட்டியில் சேருங்கள். அதற்கு முன் மோதிரத்தையும் வளையலையும் கழற்றுங்கள், பாதரசம் தங்கத்தோடு ஒட்டிக்கொள்ளும். பழைய மேண்டில் சாம்பலைப் பிள்ளைகள் ஊத விடாதீர்கள், தோரியம் கதிரியக்கம் உள்ளது. இப்போது வருபவற்றில் பலவற்றில் தோரியத்துக்குப் பதில் இட்ரியம் போடுகிறார்கள். காலியத்தை அலுமினியத் தட்டில் மட்டும் வைத்துவிடாதீர்கள். தட்டுக்குள் ஊடுருவி, அழுத்தினால் நொறுங்கும்படி ஆக்கிவிடும். ஒரு பிளாஸ்டிக் டப்பா போதும்.